ஒரு டின், ஆறு வயிறு



சம்பளத்துக்கு இன்னும் ஐந்தாறு நாள் இருக்கிறது. மீன்காரர் வந்து மணியடித்தாலும் வெளியே போக மனம் வரவில்லை. கோழி வாங்கலாம் என்றால் கையைக் கடிக்கிறது. அலமாரியைத் திறந்தால் ஒரு டின் லஞ்சன் மீட், அரை டப்பா பருப்பு, மூன்று நான்கு உருளைக்கிழங்கு, பிஸ்கட் டின்னில் அடியில் கிடக்கும் கிரீம் கிராக்கர், தேத்தண்ணிக்கு வாங்கி வைத்த பால் டின். இவ்வளவுதான். "இத வச்சு ஆறு பேருக்கு என்னத்த ஆக்கறது?" என்று எத்தனை தாய்மார்கள் அடுப்படியில் நின்று யோசித்திருப்பீர்கள்!

வழக்கமாக என்ன செய்கிறோம்? டின்னை வெட்டி, இறைச்சியைத் துண்டு போட்டு, எண்ணெயில் பொரித்து, சோற்றில் கிச்சாப் ஊற்றிச் சாப்பிட்டு விடுகிறோம். வேலைக்குப் போகிறவர்களுக்கு நாலு துண்டு, பிள்ளைகளுக்கு ஒரு துண்டு. அம்மாவுக்குச் சட்டியில் ஒட்டியது. வயிறு நிறைந்தது போல இருக்கும். ஆனால் சத்து சரியாகப் பங்காகவில்லை, உப்போ அளவுக்கு மீறி உள்ளே போய்விட்டது.

அதே டின்னை, அதே அலமாரிச் சாமான்களோடு சேர்த்து, அரை மணி நேரத்தில் ஆறு பேருக்கும் போதுமான கெட்டி சூப்பாக ஆக்க முடியும். அதைத்தான் இந்த முறை சொல்லப் போகிறோம். சமையல் குறிப்பு மட்டும் இல்லை. டின்னை எப்படிப் பார்த்து வாங்குவது, உப்பை எப்படிக் கணக்குப் பார்ப்பது, மிச்சத்தை என்ன செய்வது என்பதும் இதிலே அடங்கும். ஏனென்றால் டின் சாப்பாட்டில் கெடுதல் வருவது பெரும்பாலும் இந்த மூன்று இடங்களில்தான்.

மீனவர்கள் கண்ட சாப்பாடு

இந்தக் கெட்டி சூப்புக்கு வெள்ளைக்காரர்கள் 'சவுடர்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். வட அமெரிக்காவின் கிழக்குக் கரையில் கப்பல்காரர்களும் மீனவர்களும் ஆக்கிய சாப்பாடு அது. கப்பலில் என்ன இருக்கும்? உப்புக்கண்டம், வெங்காயம், காய்ந்த ரொட்டி, பிடித்த மீன். எல்லாவற்றையும் ஒரே சட்டியில் போட்டு, ரொட்டியை உடைத்துப் போட்டுக் கெட்டியாக்கிக் குடித்தார்கள். உருளைக்கிழங்கும் பாலும் பிறகு வந்து சேர்ந்தன. உடம்பால் உழைக்கிறவன் கையில் இருப்பதை வைத்துச் சமைத்த சாப்பாடு என்பதால் நமக்கும் அது அந்நியமில்லை. கப்பல் ரொட்டிக்குப் பதில் நம் வீட்டில் கிரீம் கிராக்கர் இருக்கிறது. அவ்வளவுதான் வித்தியாசம்.

டின்னும் நமக்கு அந்நியமில்லை. உணவை அடைத்துச் சூடாக்கிக் கெடாமல் வைக்கும் முறையைக் கண்டுபிடித்தவர் நிக்கோலா அப்பேர் என்ற பிரெஞ்சுக்காரர். அவர் கண்ணாடிப் போத்தலில்தான் அடைத்தார். 1810ஆம் ஆண்டு இங்கிலாந்தில் பீட்டர் டுராண்ட் என்பவர் தகர டப்பாவுக்குக் காப்புரிமை வாங்கினார். இரும்புத் தகட்டின் மேல் மெல்லிசாக ஈயம் பூசிச் செய்வதுதான் அந்த டப்பா. அந்த வெள்ளீயத்தில் பெரும்பங்கு, இருபதாம் நூற்றாண்டின் பெரும்பகுதியில், நம் நாட்டு ஈய லம்பங்களிலிருந்து, சிறப்பாகப் பேராக்கின் கிந்தா பள்ளத்தாக்கிலிருந்து போனது.

உப்புக் கணக்கு

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருவோம். ஒரு மனிதனுக்கு ஒரு நாளைக்கு எவ்வளவு உப்பு போதும்? 5 கிராமுக்குக் குறைவாக இருக்க வேண்டும் என்கிறது உலகச் சுகாதார நிறுவனம். அதாவது ஒரு தேக்கரண்டிக்கும் குறைவு. சோறு, கறி, கருவாடு, ஊறுகாய், பிஸ்கட் எல்லாவற்றிலும் இருக்கிற உப்பும் சேர்ந்துதான் இந்த 5 கிராம்.

டின்னின் பக்கவாட்டில் உள்ள சத்துப் பட்டியலைப் பாருங்கள். 'சோடியம்' அல்லது 'நாட்ரியம்' என்று எழுதியிருப்பார்கள். அந்த எண்ணை 2.5ஆல் பெருக்கினால் உப்பின் அளவு வரும். ஓர் உதாரணம் போட்டுப் பார்ப்போம். 100 கிராமுக்கு 900 மில்லிகிராம் சோடியம் என்று இருந்தால், அது 2,250 மில்லிகிராம், அதாவது 2 கால் கிராம் உப்பு. டின் 340 கிராம் என்றால் அந்த ஒரு டின்னுக்குள்ளே ஏழரை கிராமுக்கு மேல் உப்பு! இரண்டு பேர் பொரித்துச் சாப்பிட்டுத் தீர்த்தால் ஆளுக்கு ஏறத்தாழ 4 கிராம். ஒரு வேளையிலேயே நாள் கணக்கு முடிகிறது. அதே டின்னை ஆறு பேருக்குச் சூப்பாக்கினால் ஆளுக்கு 1 கால் கிராம் அளவுதான் வரும்.

ஆனால் இதிலே ஒரு நிபந்தனை இருக்கிறது. சூப்பில் வேறு உப்பு போடவே கூடாது. சூப் கட்டி ஒன்றையும் கரைத்து ஊற்றக் கூடாது. அந்தக் கட்டியின் எடையில் ஏறத்தாழ பாதி உப்புதான். டின்னே உப்பு; அதற்கு மேல் உப்பு எதற்கு?

"தீம்பாருல வெயில்ல வேர்த்துக் கொட்டுது, உப்பு சேத்துக்கலைன்னா உடம்பு தாங்குமா?" என்று சிலர் கேட்பீர்கள். கேள்வி நியாயமானது. வியர்வையில் உப்பு போவது உண்மை. ஆனால் மூன்று வேளை ஒழுங்காகச் சாப்பிடுகிறவர்களுக்கு அந்தச் சாப்பாட்டில் உள்ள உப்பே அதை ஈடு செய்துவிடும். வெயிலில் வேலை செய்கிறவனுக்கு முதலில் தேவைப்படுவது தண்ணீர். தாகம் எடுக்கும்வரை காத்திராமல் கொஞ்சம் கொஞ்சமாகக் குடித்துக்கொண்டே இருக்க வேண்டும்.

நம் நாட்டில் 2019ஆம் ஆண்டு நடந்த தேசிய சுகாதார ஆய்வில், வயது வந்தவர்கள் 10 பேரில் ஏறத்தாழ 3 பேருக்கு இரத்த அழுத்தம் இருப்பது தெரிய வந்தது. "எனக்குத் தலை சுத்தல, மயக்கம் வரல, எனக்கு ஏது பிரஷர்?" என்று சொல்லாதீர்கள். இரத்த அழுத்தம் பெரும்பாலும் சத்தம் போடாமல்தான் வரும். பக்கவாதமோ மாரடைப்போ வந்த பிறகுதான் பலருக்கு அது இருந்ததே தெரிகிறது. சிறுநீரகத்தைக் கெடுப்பதிலும் அதற்குப் பங்கு உண்டு. ஒரு குடும்பத்தில் உழைக்கிற கை ஒன்று விழுந்துவிட்டால் அந்த வீட்டின் நிலை என்ன என்பதை உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

டின்னைப் பார்த்து எடுங்கள்

கடையில் டின் எடுக்கும்போது விலையை மட்டும் பார்க்காதீர்கள். கீழே சொல்கிற டின்களைத் தொடவே வேண்டாம்.

மேல் மூடியோ அடியோ உப்பிக்கொண்டிருக்கும் டின். விரலால் அழுத்தினால் 'டக்' என்று உள்ளே போய் மறுபடி வெளியே வரும் டின். ஓரத் தையலில் நசுங்கிய டின். ஒழுகிப் பிசுபிசுப்பாக இருக்கும் டின். துடைத்தாலும் போகாத ஆழமான துரு பிடித்த டின். தேதி கடந்த டின். 'தாரிக் லுபுட்' என்று அச்சடித்திருப்பதைப் பிள்ளைகளை விட்டாவது படிக்கச் சொல்லுங்கள். எந்த இறைச்சி என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள். சாப்பிடக் கூடாது என்று வீட்டில் விலக்கி வைத்த இறைச்சி தெரியாமல் சட்டிக்குள் போய்விடக் கூடாது அல்லவா?

இவ்வளவு எச்சரிக்கை எதற்கு? காற்றே இல்லாத இடத்தில் வளரும் கிருமி ஒன்று இருக்கிறது. போட்டுலினம் என்று அதற்குப் பெயர். அதன் வித்துகள் கொதிக்கிற தண்ணீரிலும் சாகாது. அதனால்தான் தொழிற்சாலையில் டின்னை அழுத்தத்தில் வைத்து 121 டிகிரி வரை சூடாக்குகிறார்கள். அந்தச் சூடு சரியாக ஏறாவிட்டாலும், பின்னால் டின்னில் ஓட்டை விழுந்தாலும், உள்ளே நஞ்சு உண்டாகலாம். அது நரம்பைத் தாக்கும் நஞ்சு. கண் இமை தொங்கும், பார்வை இரண்டிரண்டாகத் தெரியும், பேச்சுக் குழறும், விழுங்க முடியாது, பிறகு மூச்சுத் திணறும். டின் சாப்பாட்டுக்குப் பின் ஓரிரு நாளில் இப்படி ஏதாவது தெரிந்தால் கை வைத்தியம் பார்த்துக்கொண்டிருக்காமல் உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். இது அபூர்வமாக வருவதுதான். ஆனால் வந்தால் உயிருக்கே ஆபத்து. சந்தேகமான டின்னை நாக்கில் வைத்து ருசி பார்ப்பது வேண்டவே வேண்டாம். வெட்டும்போது பீச்சியடித்தாலும், கெட்ட வாடை வந்தாலும் அப்படியே எறிந்துவிடுங்கள். டின்னுக்குக் கொடுத்த காசு உயிரை விடப் பெரிசில்லை.

இன்னொன்று: நல்ல டின்னாக இருந்தாலும் வெட்டுவதற்கு முன்பு மூடியைச் சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள். கடைக் கிடங்கில் எலியும் கரப்பானும் அதன் மேல் ஓடியிருக்கலாம். எலிச் சிறுநீரால் வரும் எலிக்காய்ச்சல் தோட்டத்து மக்களுக்குப் புதிதில்லை.

ஆறு பேருக்கு வேண்டிய சாமான்கள்

கோழி லஞ்சன் மீட் 1 டின் (340 கிராம்). மைசூர் பருப்பு அரைக் கப், ஏறத்தாழ 100 கிராம். நடுத்தர உருளைக்கிழங்கு 3. பெரிய வெங்காயம் 2. பூண்டு 4 பல். இஞ்சி ஒரு சிறு துண்டு. காரட் 1. முருங்கைக் கீரையோ பசலைக் கீரையோ இரண்டு கைப்பிடி. 'சூசு சாயிர்' என்று விற்கும் இனிப்பில்லாத டின் பால் அரைக் கப். எண்ணெய் 1 மேசைக்கரண்டி. கறிவேப்பிலை ஓர் இணுக்கு. மிளகுத் தூள் 1 தேக்கரண்டி. தண்ணீர் 6 கப். கிரீம் கிராக்கர் 6. உப்பு: இல்லை!

பால் டின்னில் ஒரு விஷயம் கவனியுங்கள். தேத்தண்ணிக்கு ஊற்றும் இனிப்புக் கட்டிப் பாலை இதில் ஊற்றினால் சூப் பாயசமாகிவிடும். இந்தச் சந்தர்ப்பத்தில் இன்னொன்றும் சொல்லி வைக்கிறோம். கைக்குழந்தைக்கு அந்தக் கட்டிப் பாலைக் கரைத்துக் கொடுக்கவே கூடாது. அதில் இருப்பது பெரும்பாலும் சீனிதான். 1939இலேயே டாக்டர் சிசிலி வில்லியம்ஸ் என்ற அம்மையார் சிங்கப்பூரில் இதைப் பற்றிப் பேசி, அந்தப் பேச்சுக்கு 'பாலும் கொலையும்' என்று தலைப்பு வைத்தார். அவ்வளவு குழந்தைகள் அதனால் நலிந்து செத்ததைக் கண்டவர் அவர்.

செய்யும் முறை

முதலில் பருப்பைக் கழுவி ஊற வைத்துவிட்டு மற்றதை நறுக்குங்கள். இறைச்சியைச் சிறு சிறு சதுரமாக வெட்டி ஒரு பாத்திரத்தில் போட்டு, கொதிக்கிற தண்ணீரை மூழ்கும்படி ஊற்றி, இரண்டு நிமிடம் கழித்து வடித்துக் கொட்டிவிடுங்கள். மேலே உள்ள கொழுப்பும் உப்பும் கொஞ்சம் அதோடு போகும்.

பெரிய சட்டியில் எண்ணெய் காய்ந்ததும் கறிவேப்பிலை, வெங்காயம், பூண்டு, இஞ்சி போட்டு வாசம் வரும்வரை வதக்குங்கள். பருப்பைப் போட்டுத் தண்ணீரை ஊற்றிப் பத்து நிமிடம் கொதிக்க விடுங்கள். பிறகு உருளைக்கிழங்கையும் காரட்டையும் போட்டு இன்னும் பன்னிரண்டு நிமிடம். கிழங்கு வெந்ததும் அகப்பையால் பாதிக் கிழங்கைச் சட்டி ஓரத்தில் நசுக்கி விடுங்கள். மாவு எதுவும் கரைத்து ஊற்றாமலே சூப் கெட்டியாகிவிடும்.

இந்த இடத்தில் ஒரு வயது தாண்டிய சின்னப் பிள்ளை இருந்தால் அதற்குரிய பங்கைத் தனியாக எடுத்து வையுங்கள். உப்பில்லாத பருப்பும் கிழங்கும் பிள்ளைக்கு நல்ல சாப்பாடு.

பிறகு இறைச்சியையும் கீரையையும் போட்டு ஐந்து நிமிடம் கொதிக்க விடுங்கள். கடைசியில் நெருப்பைக் குறைத்துப் பாலை ஊற்றிக் கிளறி, இரண்டு நிமிடத்தில் இறக்குங்கள். பால் ஊற்றிய பின் தளதளவென்று கொதிக்க விட்டால் திரிந்துபோகும். மிளகுத் தூள் தூவி, கிண்ணத்தில் ஊற்றி, ஆளுக்கு ஒரு பிஸ்கட்டை உடைத்து மேலே போட்டால் தீர்ந்தது வேலை.

இறைச்சி பிடிக்காதவர்கள் சார்டின் டின் போடலாம். அதற்குப் பால் வேண்டாம். தக்காளிச் சாறு அதிலேயே இருக்கிறது. மீன் ஏற்கெனவே வெந்தது என்பதால் கடைசி ஐந்து நிமிடம் போட்டால் போதும். முள்ளை எறியாமல் நசுக்கிச் சேர்த்துக்கொள்ளுங்கள். மெத்தென்று இருக்கும் அந்த முள்ளில்தான் எலும்புக்கு வேண்டிய சுண்ணாம்புச் சத்து இருக்கிறது. சாப்பிடும்போது ஓர் எலுமிச்சையைப் பிழிந்தால், உப்புக் குறைவு என்பதே நாக்குக்குத் தெரியாது.

பலம் எதில் இருக்கிறது?

"இறைச்சி கொஞ்சமாத்தானே இருக்கு, இதுல என்ன பலம்?" என்று வீட்டு ஆண்கள் முகம் சுளிக்கலாம். அவர்களுக்கு இதைச் சொல்லுங்கள்: 100 கிராம் மைசூர் பருப்பில் ஏறத்தாழ 24 கிராம் புரதச் சத்து இருக்கிறது. அதே எடை லஞ்சன் மீட்டில் அதில் பாதி அளவுதான் இருக்கும். ஆக, சட்டியில் பலம் கொடுப்பது டின் மட்டும் இல்லை. டின் ருசியைக் கொடுக்கிறது; பருப்பு பலத்தைக் கொடுக்கிறது; கிழங்கு உழைக்கத் தெம்பைக் கொடுக்கிறது; வீட்டுப் பின்னால் நிற்கிற முருங்கை மரம் இரும்புச் சத்தைக் காசில்லாமல் கொடுக்கிறது.

ஆனால் நல்லா இருக்கிறது என்று தினமும் டின்னை வெட்டிவிடாதீர்கள். உப்பும் பதப்படுத்தும் மருந்தும் சேர்த்துப் பக்குவம் செய்த இறைச்சி புற்றுநோயை உண்டாக்கக் கூடியது என்று 2015இல் உலகச் சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வுக் குழு அறிவித்தது. ஒவ்வொரு நாளும் 50 கிராம் சாப்பிட்டு வந்தால் பெருங்குடல் புற்றுநோய் வரும் வாய்ப்பு ஏறத்தாழ 18 விழுக்காடு கூடுகிறது என்பது அவர்கள் கணக்கு. நம் சூப்பில் ஆளுக்கு வருவதும் ஏறத்தாழ 50 கிராம்தான். மாதத்தில் ஒன்றிரண்டு தடவை என்றால் பயப்பட வேண்டியதில்லை. தினசரிப் பழக்கமாக்குவதுதான் தவறு. டின் இல்லாத நாளில் இதே சூப்பில் முட்டையை உடைத்து ஊற்றுங்கள்.

இனிப்பு நீர் உள்ளவர்கள் கிழங்கைக் குறைத்துப் பருப்பையும் கீரையையும் கூட்டிக்கொள்ளுங்கள். சூப்போடு ஒரு தட்டுச் சோறும் சேர்த்துச் சாப்பிட்டால் மாவுச் சத்து இரட்டிப்பாகிவிடும். சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் கிளினிக்கில் கேட்ட பிறகே டின் உணவைத் தொட வேண்டும். பிரஷர் மாத்திரை சாப்பிடுகிறவர்கள், உப்பைக் குறைத்துவிட்டோம் என்று மாத்திரையை நீங்களாக நிறுத்திவிடாதீர்கள்.

மிச்சத்தை என்ன செய்வது?

விடியற்காலை நாலு மணிக்கு ஆக்கி வைத்துவிட்டுப் பிரட்டுக்குப் போய், மத்தியானம் வந்து சாப்பிடுவது நம் வழக்கம்.  பாலும் இறைச்சியும் சேர்ந்த சூப்புக்கு அது ஆகாது. சமைத்ததை அடுப்பை விட்டு இறக்கி இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்கக் கூடாது. தகரக் கூரைக்குக் கீழே கொதிக்கிற அடுப்படியாக இருந்தால் ஒரு மணி நேரம்தான். "திரும்பச் சுட வச்சாப் போச்சு" என்று நினைக்காதீர்கள். சில கிருமிகள் விட்டுப்போன நஞ்சு சுட வைத்தாலும் போகாது. வாந்தியும் பேதியும் அதனால்தான்.

ஆகவே இதை மாலையில் வேலை முடிந்து வந்து ஆக்குங்கள். அரை மணி நேர வேலைதானே! சுடச்சுட எல்லாரும் சேர்ந்து உட்கார்ந்து சாப்பிடுங்கள். மிஞ்சினால் ஆறியதும் மூடியுள்ள பாத்திரத்தில் ஊற்றி ஐஸ்பெட்டியில் வைத்து மறுநாளே முடித்துவிடுங்கள். பாதி டின் மிச்சம் இருந்தால் அதையும் டின்னோடு வைக்காமல் வேறு கிண்ணத்துக்கு மாற்றுங்கள்.

கடைசியாக, காலி டின்! பின்பக்கம் வீசினால் மழைத் தண்ணீர் நிற்கும். அதில் ஏடிஸ் கொசு முட்டையிடும். ஒரு வாரம் பத்து நாளில் பறக்க ஆரம்பித்துவிடும். டிங்கிக் காய்ச்சல் வீடு தேடி வர நாமே வழி செய்ததாகிவிடும். டின்னைக் கழுவி, நசுக்கி, குப்பை வண்டியில் போடுங்கள். வெட்டிய மூடி பிள்ளைகள் காலில் குத்தாதபடி டின்னுக்குள்ளேயே போட்டு நசுக்குங்கள்.

தாய்மார்களே, டின் சாப்பாடு ஆக்குவதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. மாதக் கடைசி எல்லார் வீட்டுக்கும் வரும். டின்னைப் பார்த்து எடுங்கள். உப்பு டப்பாவை எட்டத்தில் வையுங்கள். பருப்பையும் கீரையையும் தாராளமாகப் போடுங்கள். சூட்டோடு சாப்பிட்டு முடியுங்கள். ஒரு டின்னில் ஆறு வயிறு நிறையும், சட்டியில் ஒட்டியதை வழித்துச் சாப்பிட வேண்டிய அவசியம் அம்மாவுக்கும் இருக்காது.